இரட்டை டெக்கும் ஓர் ஒட்டுத்தாளும்

கனகராஜ் அண்ணாச்சியோடு ஒன்பது வருடம் பேசாமல் இருந்தேன். இனிப் போதும், சொல்லிவிடுகிறேன். அவர் இறந்த செய்தியைச் சாத்தூர் பஸ்ஸில் ஒருவர் சொன்னபோதும் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

விருதுநகரில் அவருடைய பதிவுக் கடைக்குப் போனவர்களுக்கு அந்த ஜப்பான் டெக் நினைவிருக்கும். இடப்பக்கம் ஓடும் கேசட், வலப்பக்கம் பதியும் கேசட், நடுவே ஒளிரும் இரண்டு முள். ஊரே சிடிக்கு மாறிய பிறகும் தினமும் பஞ்சில் ஸ்பிரிட் தொட்டு அதன் ஹெட்டைத் துடைப்பார். “ரெண்டும் ஒரே வேகத்துல ஓடணும் சார். இல்லாட்டி மாமனார் குரல் மருமகன் குரலாயிரும்” என்பார். கேசட்டைக் கண்ணால் பார்க்கமாட்டார். முதுகை விரலால் தடவுவார். பதிந்தது அழியாதிருக்க ஓரத்துச் சில்லை உடைத்திருப்பார்கள். குழி தட்டுப்பட்டால் அது மூலம், இடப்பக்கம் போகும். தட்டுப்படாவிட்டால் காலி, வலப்பக்கம்.

மஸ்கட்டில் இருந்த அண்ணனுக்கு அப்பா பேசி அனுப்பி, அவன் ஊருக்குக் கொண்டுவந்த கேசட்டை, அப்பா போனபின் நகலெடுக்கக் கொடுத்தேன். நாடா சிக்கிவிடும் என்று பயந்து நான் அதை ஒருமுறைகூடக் கேட்டதில்லை. அண்ணாச்சி அதைத் தடவிப் பார்த்து, குழி தட்டாததால் வலப்பக்கமும், காலிக் கேசட்டை இடப்பக்கமும் போட்டார். முள் ஆடாததைக் கண்டு நிறுத்துவதற்குள் முதல் ஐந்து நிமிடம் அழிந்துவிட்டது.

“என் கைதான் ஏமாந்துபோச்சு சார்” என்றார்.

கேசட்டை அவர் மேஜையில் எறிந்துவிட்டு வந்தேன். கேட்டவரிடமெல்லாம் அவரைத் தொழில் தெரியாதவர் என்றேன். அந்த ஐந்து நிமிடமும் அப்பா என்னைப் பற்றித்தான் பேசினார் என்று அண்ணன் சொன்னான். என்ன பேசினார் என்று கேட்டால், “அதான் அழிச்சுப்புட்டியேலே” என்பான். இன்றுவரை சொல்லவில்லை.

ஊர் முறைக்காகத் துக்கம் கேட்கப் போனபோது அண்ணாச்சியின் மனைவி அந்தக் கேசட்டைக் கொண்டுவந்தார். “உங்கப்பா குரல் மிச்சம் இருக்குல்ல. நீங்க வருவீகன்னுதான் டெக்கையும் விக்காம வச்சிருந்தாக.”

போட்டுவிட்டார். முள் ஆடியது. அப்பா பேசினார்.

வெளியே எடுத்தபோது அதன் முதுகை முதன்முறையாகத் தடவினேன். குழியை மூடிக் காலண்டர் தாள் ஒட்டியிருந்தது. உடைந்திருக்கிறதே, தூசி போகுமே என்று நான் ஒட்டிய தாள். ஒரு முனையைப் பிரித்துப் பார்த்துத் திரும்ப அழுத்திய தடம் இருந்தது. தப்பு என்னுடையது என்று அன்றே அவருக்குத் தெரிந்திருக்கிறது. மனைவியிடம்கூடச் சொல்லவில்லை.

என்னிடம் மிஞ்சியது அப்பாவின் இருபத்தைந்து நிமிடமும், அந்தத் தாளும், ‘என் கைதான்’ என்ற சொல்லும்.

அண்ணாச்சியின் நண்பர்கள் பதினாறாம் நாளுக்கு வெளியிடும் நினைவு மலருக்கு இதைத் தபாலில் சேர்க்கிறேன். அண்ணனுக்குப் புரியும், புரியட்டும். அண்ணாச்சி யாரிடமும் சொல்லாமல் காத்த என் பெயரை நானும் இதன் அடியில் எழுதவில்லை.