செத்த வீட்டுக்கு வந்த புரியாணி

‘சாப்பாட்டைக் கொடுப்பதோடு பணி முடியும், வாடிக்கையாளரின் சொந்த விடயங்களில் தலையிடாதவர்.’ வீடுகளுக்குச் சாப்பாடு கொண்டுகொடுக்கும் நிறுவனத்தின் செயலி அல்பேட்டை இப்படித்தான் அறிமுகப்படுத்துகிறது.

குருக்கள்மடம் கிராமத்தில் நிதுர்ஷன் வெள்ளைத் துணிக்குள் பிணமாகப் படுத்திருந்தான். வாசலில் வெள்ளைக்கொடி, யன்னலில் வீடியோ எடுக்க ஒளித்துவைத்த போன். புரியாணி கொண்டுவருபவர் காசு கேட்டதும் பிணம் எழும்பும். அவர் அலறியோடும் காட்சியை ஊரே பார்த்துச் சிரிக்கும்.

அல்பேட் வந்து தலைக்கவசத்தைக் கழற்றினார்.

“ஓடர் போட்டவன் மோசம் போயிட்டான் அண்ணன்,” என்றான் நண்பன் கிரிசாந்.

“ஐயோ மனே! தாய் தகப்பன் எங்க?”

“உன்னிச்சைப் பக்கம் வயலுக்குப் போயிட்டாங்க.”

“பசியோடதான் வருவாங்க. செத்த வீட்டில அடுப்பு மூட்டமாட்டாங்களே, இத அவங்களுக்கு வைங்க. காசு வேணாம். ஆக்கள் வந்தா இருக்க நான் பக்கத்து வீட்டில கதிர எடுத்திட்டு வாறன்.”

காசு என்ற சொல் வந்தும் பிணம் எழும்பவில்லை. உயிரோடிருந்த காலத்தில் இப்படியொரு மரியாதையை அது கண்டதில்லை. தன் கண்ணில் கண்ணீர் வந்ததும்தான் எழும்பி, வீதியில் வந்துகொண்டிருந்த அல்பேட்டிடம் ஓடியது.

“அண்ணன், நான் சாகல்ல. வீடியோவுக்குச் செஞ்ச பகிடி. மன்னிச்சிருங்க.”

அல்பேட் முறைத்தார். பிறகு தூக்கிவந்த கதிரையை இறக்கி அதிலேயே உட்கார்ந்தார். “சாகல்லயா? உன்னப் பெத்தவள் குடுத்துவச்சவள்.”

நிதுர்ஷன் அந்த வீடியோவை அழித்தான். புரியாணிக்குரிய காசை அவர் கையில் திணித்தான்.

‘தலையிடாதவர்’ என்று செயலி சொன்ன அல்பேட்தான் முன்பின் தெரியாத ஒருவனின் சாவுக்குச் சோறு கொடுத்தார், பக்கத்து வீட்டில் கேட்டுக் கதிரை தூக்கிவந்தார்.