சபா வாசலில் திரும்பிப் பார்த்தவள்

போன வாரம் என் மகள் போனில் ஒரு வீடியோ காட்டினாள். பழைய சினிமாக்களிலிருந்து சென்னை நகரத்தை மட்டும் வெட்டி எடுத்து ஒட்டியிருந்தார்கள். டிராம் போகிறது, பிறகு ரிக்‌ஷா, மாடி பஸ், கச்சேரிக்குப் போகிற கூட்டம். சட்டென்று ஒரு சபா வாசல். எனக்கு நாற்பது வருடத்துக் குழப்பம் திரும்பவும் வந்துவிட்டது.

நாங்கள் இலங்கைத் தேயிலைத் தோட்டத்திலிருந்து கொடைக்கானலுக்கு வந்து குடியேறியவர்கள். ஈரக் கம்பளியும் வறுகடலையும் மணக்கும் ஊர்த் தியேட்டரில்தான் மெட்ராஸைத் தெரிந்துகொண்டேன். அங்கே சாயங்காலமானால் எல்லோருமே பாட்டுக் கேட்கப் போவார்கள் என்று வெகுநாள் நம்பியிருந்தேன். சிரிக்காதீர்கள்.

நான் காய்கறி மண்டியில் வேலைக்குச் சேர்ந்த வருடம், செல்வி அக்கா அப்பாவோடு சண்டை போட்டுக்கொண்டு வீட்டை விட்டுப் போனாள். இரண்டு வருடம் கடிதமே இல்லை. அப்போதுதான் அந்தப் படம் வந்தது. சபா வாசலில் கூட்டம் கலைகிறது. தூணோரம் ஒரு பெண் திரும்பிப் பார்க்கிறாள். அம்மா என் கையை இறுகப் பிடித்தாள்.

"நம்ம புள்ளடா அது."

அந்தப் படத்தை நான்கு முறை பார்த்தேன். இரண்டு முறை அக்காவாகத் தெரிந்தது, இரண்டு முறை யாரோ.

அம்மாவும் நானும் மெட்ராஸுக்கு பஸ் ஏறினோம். படத்தில் சபாவை விட்டுத் திரும்பினால் கடல். நிஜத்தில் ஒரு மணி நேரம் நடந்தும் கடலைக் காணோம். சபா வாட்ச்மேனிடம் அக்காவின் போட்டோவைக் காட்டினோம். ஷூட்டிங் அன்று தெருவில் போனவர்களையெல்லாம் கூப்பிட்டு நிறுத்தினார்கள், யாரென்று சொல்வது என்றார். மூன்று நாள் அந்த வாசலிலேயே நின்றோம். கச்சேரி முடிந்து வருகிற ஒவ்வொரு முகத்தையும் அம்மா பார்த்தாள். உள்ளே என்ன பாடினார்கள் என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது.

அடுத்த வருடம் அக்கா தானாகவே வந்து நின்றாள், இடுப்பில் குழந்தையோடு. திருப்பூரில் பனியன் கம்பெனியில் இருந்தாளாம். அப்பா குழந்தையை வாங்கிக்கொண்டார்.

"மெட்ராஸா? நா அந்தப் பக்கமே போனதில்லையேம்மா."

"பொய் சொல்லாத. நான்தான் பாத்தேனே."

சாகும்வரை அம்மா தன் கண்ணைத்தான் நம்பினாள். சில நாள் நானும்.

தியேட்டரை இடித்துவிட்டு இப்போது அங்கே டூரிஸ்ட் வண்டிகளை நிறுத்துகிறார்கள். சபா இருந்த இடத்தில் அடுக்குமாடி வந்துவிட்டதாம். தூணோரம் நின்ற அந்தப் பெண் யார் வீட்டுப் பிள்ளையோ, அவளைத் தேடிக்கொண்டு யாராவது அந்த வாசலுக்கு வந்தார்களோ. எங்கள் பிள்ளை கிடைத்த பிறகு, நாங்கள் அதைப் பற்றி நினைக்கவே இல்லை.