பக்கத்துச் சீற்

ஸ்காபரோவில் அன்ரனெற் குடியிருக்கும் மாடிக்கட்டடத்தில் அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறவர்கள் குறைவு. ‘ஜீ-வன் அன்ரி’ என்று கேட்டால் லிஃப்டுக்குள் நிற்கிற சின்னப்பிள்ளையும் வீட்டைக் காட்டும். கார் பழகத் தொடங்குகிறவர்களுக்கு எழுத்துப் பரீட்சை வைத்துக் கொடுக்கிற முதல் லைசன்ஸ்தான் ஜீ-வன். அதை வைத்துக்கொண்டு தனியாக ஓட முடியாது. முழு லைசன்ஸ் உள்ள ஒருவர் பக்கத்துச் சீற்றில் இருந்தே ஆகவேண்டும். ஐந்து வருடத்தில் அது முடிந்துவிடும். மற்றவர்கள் அதற்குள் ரோட் டெஸ்ட் எடுத்து அடுத்த படிக்கு ஏறிவிடுவார்கள். அன்ரனெற் ஏறவில்லை. ஐந்து வருடம் முடிகிற ஒவ்வொரு முறையும் திரும்பவும் போய் எழுத்துப் பரீட்சையைத் தமிழில் எழுதி, ஒரு பிழை விடாமல் பாஸ் பண்ணி, திரும்பவும் ஜீ-வன்னோடு வீட்டுக்கு வருவாள். இப்படியே இருபத்தைந்து வருடம்! சும்மா இருக்குமா நம்முடைய சனம்? கலியாண வீட்டிலும் பிறந்தநாள் வீட்டிலும், “என்ன அன்ரி, இந்த முறையும் ஜீ-வன் தானோ?” என்று கேட்டு விழுந்து விழுந்து சிரிக்கும். அன்ரனெற்றும் சேர்ந்து சிரிப்பாள். சிரிக்கட்டும் என்று விட்டுவிடுவாள். சிரிக்கிற வாய்களுக்கு விசயம் தெரியாது.

விசயம் தெரியவேண்டுமென்றால் அன்ரனெற் குடும்பம் இந்த ஊருக்கு வந்த புதிதுக்குப் போகவேண்டும். அவளுடைய புருசன் மாக்கஸுக்குக் கார்ப் பாகங்கள் செய்யும் தொழிற்சாலையில் இரவு வேலை. அவளுக்கு பிஸ்கற் தொழிற்சாலையில் பகல் வேலை. ஒரே பிள்ளை செரீனாவைப் பார்க்க ஆள் வேண்டுமே! அவர் வர இவள் போவாள், இவள் வர அவர் போவார். சந்திக்கிற இடம் வீட்டு வாசற்கதவு. “பிள்ளை சாப்பிட்டிட்டாள்.” “பால் முடிஞ்சுது, வரேக்கை வாங்கிக்கொண்டு வாரும்.” பல வருடங்களாக அந்தப் புருசனும் பெஞ்சாதியும் பேசிக்கொண்டது இவ்வளவுதான். வீட்டில் ஆறுதலாக இருந்து கதைப்போம் என்றால் அதற்கும் வழியில்லை. மாக்கஸின் தம்பிமார் இரண்டு பேர் ஹோலில் படுத்திருப்பார்கள். ரெலிபோன் ஓயாமல் அடிக்கும். யாராவது ஒருவர் ஊரிலிருந்து புதிதாக வந்து இறங்கியிருப்பார், அவருக்குத் தேத்தண்ணி போடவேண்டும்.

மிஞ்சியது ஞாயிறு காலை ஒரு மணித்தியாலம். மாதா கோயிலில் தமிழ்ப் பூசை முடிந்ததும் செரீனாவுக்கு மறைக்கல்வி வகுப்பு. பிள்ளை வெளியே வரும்வரை மற்றப் பெற்றோர் வாசலில் நின்று ஊர்க்கதை பேசுவார்கள். ஒருநாள் மாக்கஸ் அவளைத் தனியாகக் கூப்பிட்டு, “வாரும், உமக்குக் கார் பழக்கிறன்” என்றார். கோயிலுக்குப் பின்தெருவில் ஒரு தொழிற்சாலை இருந்தது. அதன் பார்க்கிங் லொட் ஞாயிற்றுக்கிழமைகளில் வெறிச்சோடிக் கிடக்கும். அங்கேதான் பழக்கம் தொடங்கியது.

மாக்கஸ் நல்ல மனிதர். ஆனால் பக்கத்துச் சீற்றில் ஏறினால் வேறு ஆள். வெளிச்சக் கம்பம் தூரத்தில் தெரிந்தாலே போதும், “அமத்தும், அமத்தும், பிரேக்கை அமத்தும்! என்ரை மாதாவே!” என்று கத்துவார். அவருடைய பக்கத்தில் பிரேக் ஏது? இருந்தும் காலால் தரையை உதைத்துக்கொண்டே இருப்பார். எத்தனை கார் மாற்றினாலும் விரிப்பு அந்த இடத்தில் தேய்ந்து ஓட்டை விழுந்துவிடும். அன்ரனெற்றுக்கு முதலில் எரிச்சல் வந்தது. பிறகு சிரிப்பு வந்தது. பிறகு, ஒரு கிழமை முழுவதும் அந்தச் சத்தத்துக்காகக் காத்திருக்கத் தொடங்கினாள்.

ஏனென்றால் கத்தி ஓய்ந்ததும் அவர் கதைப்பார். காருக்குள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கத் தேவையில்லை. இரண்டு பேரும் முன்னுக்குப் பார்த்துக்கொண்டு இருக்கும்போது வாய் தானாகத் திறக்கிறது. மேற்பார்வையாளன் தன்னுடைய இங்கிலீசைப் பழிச்சுக் காட்டுகிறான் என்று அவர் சொன்னது அங்கேதான். பஸ்ஸில் போகும்போது ஜன்னல் பக்கம் திரும்பி அழுகிறவள் தான் என்று இவள் சொன்னதும் அங்கேதான். “ஏன் முந்திச் சொல்லேல்லை?” என்று அவர் கேட்டார். “எப்ப சொல்லுறது? கதவடியிலையோ?” என்றாள். அவர் கியரில் இருந்த அவளுடைய கையின் மேல் தன் கையை வைத்தார். அந்தக் கார் அன்றைக்கு ஒரே இடத்தில் நின்றதே தவிர ஓர் அடி நகரவில்லை. ஜீ-வன் அன்ரிக்கு ஓடத் தெரியாது என்று சொல்கிற சனத்துக்கு இதை எப்படி விளங்கப்படுத்துவது?

ஒருமுறை மாக்கஸே ரோட் டெஸ்டுக்குப் பதிந்துவிட்டார். “இனி நீர் ரெடி” என்று அவருக்கு ஒரே புளுகம், ஒரே சந்தோசம். அன்ரனெற்றுக்கோ வேறு யோசனை. பாஸ் பண்ணினால் ஞாயிற்றுக்கிழமை என்னாகும்? பழகி முடிந்தவளுக்குப் பக்கத்தில் யார் வந்து இருக்கப் போகிறார்கள்? டெஸ்ட் அன்று எல்லாவற்றையும் சரியாகச் செய்தாள். கடைசியில் தெரு ஓரமாக நிற்பாட்டச் சொன்னபோது, நன்றாகத் தெரிந்துகொண்டே பின்சில்லைத் தூக்கிக் கரைக்கல்லின் மேல் ஏற்றினாள். பரீட்சகர் உதட்டைப் பிதுக்கினார். வீடு வரும்வரைக்கும் மாக்கஸ், “எவ்வளவு படிச்சுப் படிச்சுச் சொன்னனான்!” என்று வாங்கு வாங்கென்று வாங்கினார். ஆனால் அடுத்த ஞாயிறு பூசை முடிந்ததும் பிளாஸ்க்கில் தேத்தண்ணியோடு வந்து நின்று, “சரி வாரும், முதலிலையிருந்து தொடங்குவம்” என்றார். அந்தக் குரலில் கோபத்தைத் தேடினாலும் கிடைத்திருக்காது.

அதற்குப் பிறகு அவர் டெஸ்டுக்குப் பதியவே இல்லை. செரீனா வளர்ந்து, படித்து, வேலைக்குப் போய், அம்மாவை டிரைவிங் ஸ்கூலில் சேர்த்துவிடுகிறேன் என்று சொன்னபோது, “ஏன், எனக்குப் பழக்கத் தெரியாதோ?” என்று சீறி விழுந்தார். அவருக்கும் தெரிந்துதான் இருந்ததோ? அன்ரனெற் ஒருநாளும் கேட்கவில்லை. கேட்கலாம், இன்னொரு ஞாயிற்றுக்கிழமை கேட்கலாம் என்று இருந்துவிட்டாள்.

போன வின்ரரில் மாக்கஸுக்குப் பாரிசவாதம் வந்தது. வலக்கை விழுந்துவிட்டது, வலக்கால் இழுபட்டது, பேச்சு போயிற்று. மாதக்கணக்கில் பயிற்சி செய்து கைத்தடியோடு நடக்கிறார். பேச்சில் திரும்பி வந்தது ஒரேயொரு சொல்: ஓம். சாப்பிட்டீங்களா என்றாலும் ஓம், சாப்பிடவில்லையா என்றாலும் ஓம். டொக்டர் அறிவித்து லைசன்ஸையும் நிறுத்திவிட்டார்கள். இப்போது ஞாயிறுகளில் செரீனா பக்கத்து நகரமான விட்பியிலிருந்து வந்து, அப்பாவின் காரிலேயே இருவரையும் பூசைக்கு ஏற்றிப் போகிறாள். அப்பா முன்சீற்றில், அம்மா பின்சீற்றில். அந்தத் தொழிற்சாலையைத் தாண்டும்போது அன்ரனெற் கழுத்தைத் திருப்பி வெறும் லொட்டைப் பார்த்துக்கொண்டு போவாள். அவளுக்கு இந்த உலகத்தில் வேறொன்றும் வேண்டாம். ‘அமத்தும்’ என்று அவர் கத்துவதை இன்னும் ஒருமுறை கேட்டால் போதும்.

வங்கியில் மாக்கஸிடம் படம் உள்ள அடையாள அட்டை கேட்டார்கள். பாஸ்போட்டை எங்கே போனாலும் தூக்கிக்கொண்டு திரிய ஏலாது. “அப்பாவுக்கு போட்டோ காட் எடுப்பம். லைசன்ஸ் இல்லாத ஆக்களுக்கு கவர்ன்மென்ட் குடுக்கிற ஐ.டி.” என்றாள் செரீனா. “போறது போறம், அம்மாவுக்கும் ஒண்டு எடுத்துவிடுவம்.” ஒரு காட் கூடினால் கைப்பை என்ன பாரமாகிவிடவா போகிறது என்று அன்ரனெற்றும் சம்மதித்தாள்.

லைசன்ஸ் அலுவலகத்தின் கவுண்டரில் இருந்தவன் தமிழ்ப் பிள்ளை. சட்டையில் றொய்சன் என்று பெயர் குத்தியிருந்தது. பத்திரங்களைப் பார்த்தான், மாக்கஸைப் படம் எடுத்தான், கையெழுத்துப் போடச் சொன்னான். மாக்கஸ் இடக்கையால் பேனையைப் பிடித்தார். ஒரு கோடு மேலே போனது, ஒரு கோடு எங்கேயோ போனது. “ஆறுதலாப் போடுங்கோ அங்கிள், அவசரமில்லை” என்றான் அவன். நல்லாயிருக்கவேண்டும் அந்தப் பிள்ளை. பிறகு, “பழைய லைசன்ஸைத் தாங்கோ, அதை நாங்கள் எடுக்கவேணும்” என்று கையை நீட்டினான். மாக்கஸ் லைசன்ஸை எடுத்தார். ஆனால் விடவில்லை. அவன் ஒரு பக்கம் பிடித்திருக்க, அவர் மற்றப் பக்கம் இறுக்கிப் பிடித்திருந்தார். அன்ரனெற்தான் அவருடைய விரல்களை ஒவ்வொன்றாக விடுவித்தாள்.

“இப்ப அன்ரியின்ரை” என்று கம்ப்யூட்டரைப் பார்த்தவன், “அன்ரி, உங்களிட்டை ஜீ-வன் இருக்கே!” என்றான்.

“ஓம். இன்னும் ரெண்டு வருசம் இருக்கு.”

“ரெண்டும் வைச்சிருக்க ஏலாது அன்ரி. ஜீ-வன்னும் லைசன்ஸ்தான். அதைத் தந்தியளெண்டால்தான் போட்டோ காட் தரலாம்.”

“குடுங்கோம்மா,” என்றாள் செரீனா. “யூ நெவர் ஈவன் யூஸ் இற்.”

அன்ரனெற் கைப்பையைத் திறந்து ஜீ-வன்னை எடுத்தாள். அந்தப் படம் எடுத்த அன்று மாக்கஸ் இதே மாதிரியொரு கவுண்டருக்கு முன்னால், வாங்குப் பலகையில் அவளுடைய கோட்டை மடியில் வைத்துக்கொண்டு காத்திருந்தார். படத்தில் அவள் சிரிக்காமல் இருக்கப் படாத பாடு பட்டிருக்கிறாள், பார்த்தாலே தெரியும். அவள் அதைத் திரும்பவும் பைக்குள் வைத்து சிப்பை இழுத்து மூடினாள்.

“எனக்குப் போட்டோ காட் வேண்டாம் தம்பி. நான் லைசன்ஸ் உள்ள ஆள்.”

காருக்குள் ஏறியதும் செரீனா வெடித்தாள். “வட் இஸ் திஸ், அம்மா? அப்பாவுக்கு லைசன்ஸ் இல்லை. இனி ஆர் உங்களுக்குப் பக்கத்திலை இருக்கிறது?”

“நீ இரு.”

“இருபத்தஞ்சு வருசமாப் பழகினீங்கள். ஒரு டெஸ்ட் பாஸ் பண்ணேல்லை. இப்ப என்ன புதுசா?”

“பாஸ் பண்ணியிருந்தால் கொப்பர் ஏனடி எனக்குப் பக்கத்திலை இருந்திருக்கப் போறார்?”

சொல்லவேண்டுமென்று சொன்னதல்ல. இத்தனை வருடம் பொத்தி வைத்தது பொசுக்கென்று வந்துவிட்டது. செரீனா பின்கண்ணாடியில் அம்மாவைப் பார்த்தாள். முன்சீற்றில் இருந்த மாக்கஸ் தலையைத் திருப்பாமல் கண்ணாடிக்கு வெளியே பார்த்துக்கொண்டு, “ஓம்” என்றார். எல்லாவற்றுக்கும் சொல்கிற ஓம்தான். இது எந்த ஓம் என்று அன்ரனெற் வீடு வரும்வரை யோசித்தாள்.

அடுத்த ஞாயிறு பூசை முடிந்ததும் செரீனா காரைப் பின்தெருவுக்குத் திருப்பி அந்த லொட்டில் கொண்டுபோய் நிறுத்தினாள். கார்த் திறப்பைக் கழற்றி அம்மாவின் கையில் கொடுத்தாள். அன்ரனெற் இறங்கிச் சாரதி சீற்றுக்குப் போனாள். மாக்கஸையும் இறக்க வேண்டியிருந்தது, பக்கத்துச் சீற்றில் இனிச் செரீனா அல்லவா இருக்கவேண்டும்? அவருக்கு அது விளங்கவில்லை. இறங்கி நின்றவர் முன்கதவின் பிடியை இடக்கையால் பிடித்துக்கொண்டு நின்றார்.

“அப்பா, இண்டைக்கு நான் அதிலை இருக்கவேணும்,” என்று செரீனா மெல்லச் சொன்னாள். “உங்களுக்கு இப்ப லைசன்ஸ் இல்லையெல்லோ.”

“ஓம்,” என்றார் அவர். பிடியை மட்டும் விடவில்லை. அன்ரனெற் முன்கண்ணாடியூடாக நேரே பார்த்துக்கொண்டு இருந்தாள். அந்தப் பக்கம் திரும்பியிருந்தால் அழுதிருப்பாள். கடைசியில் செரீனா அவரைக் கைத்தாங்கலாகச் சுற்றி வரக் கூட்டிவந்து, அன்ரனெற்றுக்குப் பின்னால் இருந்த சீற்றில் இருத்தினாள்.

கார் நகர்ந்தது. கை மறக்கவில்லை, காலும் மறக்கவில்லை. ஆனால் காருக்குள் சத்தமே இல்லை. செரீனா நல்ல பிள்ளை, கத்தமாட்டாள். “யூ ஆர் டூயிங் கிரேட், அம்மா,” என்றாள். அன்ரனெற்றுக்கு அது கேட்கவே வேண்டாதது போல இருந்தது. பக்கத்துச் சீற்றின் கீழே, ஓட்டை விழுந்த விரிப்பின்மேல் மகளின் வெள்ளைச் சப்பாத்து அசையாமல் இருந்தது. இந்த லொட்டுக்குத் திரும்பி வந்தால் அந்த ஒரு மணித்தியாலமும் திரும்பி வரும் என்று நினைத்தேனே, என்ன பைத்தியக்காரி நான் என்று தன்னைத் தானே ஏசிக்கொண்டு வளைவை எடுத்தாள். தூரத்தில் வெளிச்சக் கம்பம் தெரிந்தது.

அப்போது அவளுடைய முதுகில் ஏதோ உதைத்தது. சீற்றின் பின்பக்கத்தில், இடுப்புக்குச் சற்று மேலே. ஒருமுறை. பிறகு பலமாக இன்னொருமுறை. மாக்கஸின் இடக்கால்.

அன்ரனெற் பிரேக்கை அமத்தினாள். கார் குலுங்கி நின்றது. கம்பம் இன்னும் எவ்வளவோ தூரத்தில் இருந்தது.

“அம்மா! ஏன் நிப்பாட்டினீங்கள்?” செரீனா திடுக்கிட்டுக் கேட்டாள். “முன்னுக்கு ஒண்டுமில்லையே!”

அன்ரனெற்றின் கன்னமெல்லாம் கண்ணீராக இருந்தது. அவள் அதைத் துடைக்கவில்லை.

“கொப்பர் நிப்பாட்டச் சொன்னவர்,” என்றாள்.