லாரி வந்துச்சா, இருபத்திரண்டு தடவை

சர்தார் ஆளைப் பார்த்தால் முகத்தைப் பார்ப்பதில்லை. வாய் எந்த உயரத்தில் இருக்கிறது என்று பார்க்கிறார். மேடைக்குக் கீழே வந்து நிற்கிறவர் மேல் ஒரு பார்வை, மைக் ஸ்டாண்டின் கழுத்துத் திருகில் ஒரு திருப்பு, அவ்வளவுதான். ஏறி நின்றால் மைக் உதட்டுக்கு நேரே நிற்கும். என் தங்கை கல்யாண வரவேற்பில் பாட வந்த அம்மாள் அசந்துபோய், "எப்படிப்பா அளந்தே?" என்று கேட்டார். "அளக்கறதுக்கு இன்னாமா கீது, பாத்தாலே தெர்து" என்று சொல்லிவிட்டுச் சர்தார் இறங்கிப் போய்விட்டார். அன்றைக்குத்தான் நான் அவரை முதலில் பார்த்தேன்.

மயிலாப்பூரிலிருந்து ராயப்பேட்டை போகிற வழியில், ஒரு சந்தில் அவருடைய மைக் செட் கடை. வயது இருபத்தெட்டு. ஆறடிக்கு மேல் இரண்டு அங்குலம். சொந்தக் கடைக்குள்ளேயே குனிந்துதான் நுழைவார். சட்டைப் பையில் பேனாவுக்குப் பதில் டெஸ்டர். எந்தச் சத்தத்தையும் பத்து எண்ணுவதற்குள் கேட்டுத் தீர்ப்புச் சொல்லிவிடுவார். என் வீட்டு மின்விசிறி, எதிர் வீட்டு மோட்டார், என் இருமல் எல்லாவற்றுக்கும் தீர்ப்பு வந்திருக்கிறது. முழுசாகக் கேட்டுவிட்டுத்தான் சொல்லேன் ஐயா என்றால், "பத்துக்குள்ள தெரிஞ்சிடும் சார். அதுக்கு மேல கேக்கறது மரியாதைக்கு" என்பார். இந்த மரியாதைக் குறைவு ஒரு நாள் அவரைக் கவிழ்த்தது. அதற்கு வருகிறேன்.

ஊரில் மற்ற மைக் செட்காரர்கள் எல்லாரும் "ஹலோ, ஒன், டூ, த்ரீ" என்பார்கள். சர்தார் மைக்கில் கேட்பது ஒரே கேள்விதான்: "லாரி வந்துச்சா?" அவர் சந்தில் விடிந்ததும் எல்லா வாயிலும் முதலில் வருகிற பேச்சு அது. ஊர் பெயரைச் சென்னை என்று மாற்றியாகிவிட்டது. தண்ணீர் லாரி மட்டும் பழைய மெட்ராஸ் வழக்கப்படி, இஷ்டப்பட்ட நேரத்துக்குத்தான் வருகிறது. எந்தக் கல்யாண மண்டபத்தில் அவர் இப்படிக் கேட்டாலும் சமையல்கட்டிலிருந்து யாராவது ஒருவர் கரண்டியோடு தலையை நீட்டி, "வர்லபா" என்று பதில் சொல்லாமல் இருந்ததில்லை.

இவர் பாடுவார் என்று எனக்குத் தெரியவே தெரியாது. அடையாற்றில் ஒரு கல்லூரி இருக்கிறது. அதன் ஆண்டு விழாவுக்கு ஏழு வருஷமாக இவர்தான் மைக் செட். ஒரு வருஷம் அங்கே வாசிக்க வந்த பையன்கள் ஒரு வெளிநாட்டுக் கேசட்டை மேடையிலேயே விட்டுவிட்டுப் போனார்கள். பாப் பங்க் என்கிறார்களே, அந்த வகைப் பாட்டு. கிட்டாரில் கார்டு என்கிற சுரக்கூட்டு மூன்றே மூன்று, டிரம்ஸ் தலை தெறிக்க ஓடும், இரண்டரை நிமிஷத்தில் எல்லாம் முடிந்துவிடும். எனக்குக் காது வலித்தது. சர்தாருக்குப் பத்து எண்ணுவதற்குள் வாழ்க்கையே மாறிவிட்டது. "பாடறவன் செம கோவத்துல கீறான் சார். ஆனா சிரிச்சிக்கினே கீறான். நம்ம குழாயடி மாதிரியே கீது." இதைவிடத் தெளிவாக அந்த இசையை யாரும் எனக்கு விளக்கவில்லை.

பிறகு கிட்டார் வாங்கினார். வெங்கடநாராயணா ரோட்டில் கம்ப்யூட்டர் சொல்லிக் கொடுக்கும் தீபிகா பேஸ் கிட்டாரோடு வந்து சேர்ந்தாள். கச்சேரி வீதியிலிருந்து ஸ்ரீவத்சன் டிரம்ஸ் அடிக்க வந்தான். ஆடிட்டர் ஆபீசில் வேலை பார்க்கிற சாது. டிரம்ஸ் முன்னால் உட்கார்ந்தால் மட்டும் வேறு ஆள். "ஆத்துல அடிக்க முடியாது சார், அதான் இங்க வந்து அடிச்சிண்டிருக்கேன்" என்று என்னிடம் காரணம் சொன்னான். குழுவுக்கு 'மூணு குடம்' என்று பெயர் வைத்தார்கள். முதல் பாட்டு என்னவென்று நீங்களே சொல்லிவிடுவீர்கள். "லாரி வந்துச்சா?" என்று சர்தார் கத்த வேண்டியது, "வர்ல! வர்ல!" என்று மற்ற இருவரும் கத்த வேண்டியது. நடுவில் "மேஸ்திரி வந்தான், மீட்டர் வந்தான், ஓட்டுக் கேட்டு ஓராள் வந்தான்" என்று நான்கு வரி. மொத்தம் இரண்டு நிமிஷம் நாற்பது விநாடி.

அவருக்கு வேண்டியிருந்தது ஒன்றே ஒன்றுதான். ஏழு வருஷமாக எந்த மேடையில் மைக்கை நிறுத்திவிட்டு இறங்கி வந்தாரோ, அந்த அடையாறு மேடையில், அதே மைக்குக்கு முன்னால் நின்று பாட வேண்டும். கேட்டார். விழாச் செயலாளர் ஷ்ரேயா மூன்றாம் வருஷ மாணவி, கெட்டிக்காரப் பெண். "வெளியான பாட்டு இருக்கிற பேண்டுக்குத்தான் இந்த வருஷம் இடம் அண்ணா. கேசட் கொண்டாங்க, கேட்டுட்டுச் சொல்றோம்" என்றாள். "கேசட் தானே, இன்னா இப்போ, போட்டுட்டா போச்சு" என்றார் சர்தார். பஸ் பாஸ் எடுக்கிறவர் கூட இவ்வளவு அலட்சியமாகச் சொல்ல மாட்டார்.

கே.கே. நகரில் ஒரு கல்யாண மண்டபத்தில், காலை முகூர்த்தம் முடிந்து பந்தி எடுத்த பிறகு, வாழைமரத்தைக்கூட அவிழ்க்காமல் தன் சாமான்களை வைத்தே பாட்டைப் பதிவு செய்தார். பிரதி எடுக்க, தி. நகரில் தேவானை அக்காவிடம் கொடுத்தார். சாத்தான்குளத்துக்காரர். ஜவுளிக்கடை மாடியில் இரண்டு அறை நிறைய மெஷின் வைத்து அம்மன் பாட்டும் மந்திரமும் ஊருக்கெல்லாம் பதிவு செய்து தருகிறவர். அறுபது நிமிஷக் கேசட், மொத்தம் முந்நூறு. வாங்கப் போன சர்தார் ஒன்றைப் போட்டுப் பத்து எண்ணினார். "கரெக்டா கீதுக்கா" என்று சொல்லி மூட்டையைத் தூக்கிக்கொண்டு வந்துவிட்டார். லஸ் கார்னரிலும் பாண்டி பஜாரிலும் நடைபாதைக் கடைகள், ஆட்டோ ஸ்டாண்டுகள், டீக்கடைகள் என்று நான்கே நாளில் எல்லாம் போய்ச் சேர்ந்தன. ஒன்று ஷ்ரேயாவுக்கு.

ஐந்தாம் நாள் அந்தப் பெண் கேசட்டோடு கடைக்கே வந்தாள். நானும் அப்போது அங்கே இருந்தேன். "ஒரே பாட்டு, அண்ணா. அந்தப் பக்கம் பதினொண்ணு, இந்தப் பக்கம் பதினொண்ணு. அடுத்தது வேற பாட்டு வரும், வேற பாட்டு வரும்னு நாங்க அஞ்சு பேர் ஒரு மணி நேரம் உக்காந்திருந்தோம். எங்களை வெச்சு விளையாடறீங்களா?" பாடுகிறவர்கள் லிஸ்ட்டை இவர் பெயர் இல்லாமலே முடித்துவிட்டார்களாம். மைக் செட் வேலை மட்டும் வழக்கம்போல இவருக்குத்தானாம்.

அவள் போன பிறகு சர்தார் அந்தக் கேசட்டை முதல் முறையாக முழுசாகக் கேட்டார். எனக்கு முதலில் சிரிப்பு வந்தது. ஏழாவது தடவை பாட்டு ஆரம்பித்தபோது அவர் முகத்தைப் பார்த்தேன், சிரிப்பு போய்விட்டது. பாவமாக இருந்தது.

இரண்டு பேருமாக தேவானை அக்காவிடம் போனோம். அவருக்கு நாங்கள் கேட்பதே புரியவில்லை. "மந்திரம்னா இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நெறயத் திருப்பித் திருப்பித்தானய்யா போடணும்? ஒரு பாட்டப் போட்டுட்டு மிச்சத்த வெறும் நாடாவா வித்தா, நாளைக்கி என்னைய யாரு நம்புவா?" என்றார். அவர் பக்கமும் நியாயம்தான். பதினைந்து வருஷமாக அவரிடம் வந்த ஒற்றைப் பாட்டு எல்லாமே மந்திரம். 'லாரி வந்துச்சா' என்பதும் ஒரு வகையில் வேண்டுதல்தானே என்று விட்டிருக்கிறார். சர்தார் கோபப்படவில்லை. "உன் மேல தப்பு இல்லக்கா. நான் பத்தோட நிறுத்திட்டேன்" என்றார்.

ஓர் ஆங்கிலப் பத்திரிகையின் இளைஞர் பக்கத்தில் நாலு வரி விமரிசனம் வந்தது. இந்தக் குழுவுக்கு வேறு பாட்டே தெரியாது போலிருக்கிறது என்று ஒரு குத்தல். சர்தார் அதை வெட்டி ஆம்ப்ளிஃபயர் மேல் ஒட்டிக்கொண்டார். "இன்னொரு பாட்டு கீது சார். இது போய்ச் சேரட்டும், அப்பால வுடறேன்." போய்ச் சேரும் என்பதில் அவருக்குச் சந்தேகமே இல்லை. எனக்கு இருந்தது.

உஸ்மான் ரோட்டிலிருந்து பிரிகிற ஒரு தெருவில் அமீனா பீயின் தையற்கடை. பன்னிரண்டு மெஷின். வேலை நேரத்தில் இந்தப் பாட்டு பிடிக்கவில்லை என்று யாராவது எழுந்து போய் எழுந்து போய் கேசட் மாற்றுவதுதான் அங்கே பெரிய தலைவலி. பாண்டி பஜார் நடைபாதையில் வாங்கிய சர்தாரின் கேசட்டைப் போட்டால் அரை மணி நேரம் கவலையில்லை, அதோடு டிரம்ஸ் வேகத்துக்குக் கால் தானாக மிதிக்கிறது. "பாட்டு நல்லாருக்கா நல்லால்லியான்னு நான் பாக்கல பாய். ப்ளவுஸ் சீக்கிரம் முடியுது" என்று அமீனா பீ என்னிடமே சொன்னார். கல்லூரி விழாவில் ஒரு நாள் பெண்களெல்லாம் புடவை கட்டி வரும் நாள். அடையாற்றுப் பெண்கள் கூட்டம் கூட்டமாக வந்து அளவு கொடுத்தார்கள், இதோ ஆச்சு என்று உட்கார வைக்கப்பட்டார்கள். தையற்கடையில் 'இதோ' என்றால் எவ்வளவு நேரம் என்று உங்களுக்குத் தெரியும்.

அந்தப் புடவை நாளன்று மாலை நாலு மணிக்கு நான் போய்ச் சேர்ந்தேன். மேடைக்குப் பின்னால் தீபிகா வயர் சுற்றிக்கொண்டிருந்தாள். டிரம்ஸ் சத்தம் சரியா என்று பார்ப்பதற்காக ஸ்ரீவத்சனைக் கூட்டி வந்து உட்கார வைத்திருந்தார் சர்தார். முதலில் பாடப் போகிற பையன் குள்ளம். அவனை ஒரு பார்வை பார்த்து ஸ்டாண்டை இறக்கினார். பிறகு குனிந்து, வழக்கம்போல, எதையும் எதிர்பார்க்காத குரலில் மைக்கில் கேட்டார்.

"லாரி வந்துச்சா?"

முன்வரிசைப் புடவைகள் முதலில் திரும்பின. "வர்ல! வர்ல!" அதற்குப் பின்வரிசை. அதற்கும் பின்னால், ஏன் கத்துகிறோம் என்றே தெரியாத பையன்கள். மைதானம் முழுக்க இரண்டாவது தடவை, "வர்ல! வர்ல!" ஸ்ரீவத்சனின் குச்சி அவனைக் கேட்காமலே ஆரம்பித்துவிட்டது. தீபிகா வயரைக் கீழே போட்டுவிட்டு பேஸ் கிட்டாரைத் தேடி ஓடினாள். நானும் கத்தினேன், சொல்வதற்கென்ன வெட்கம்.

ஷ்ரேயா லிஸ்ட்டோடு மேடையோரம் வந்து நின்றாள். மைதானத்தைப் பார்த்தாள், லிஸ்ட்டைப் பார்த்தாள், அதைச் சுருட்டிக் கையில் வைத்துக்கொண்டாள். "அண்ணா, டெஸ்டிங் முடிஞ்சுதா?"

"முடிஞ்சிதுமா" என்றார் சர்தார். ஸ்டாண்டின் திருகைத் தளர்த்தினார். கம்பியை மேலே, இன்னும் மேலே, ஏழு வருஷத்தில் யாருக்கும் ஏற்றாத உயரத்துக்கு ஏற்றி, இறுக்கினார்.