முப்பது வினாடியில் அக்கா

திருச்சியில் ஒரு அனிமேஷன் கம்பெனி என்னை முதல் தடவை திருப்பி அனுப்பியபோது, அவர்கள் சொன்ன காரணம் சுருக்கென்று தைத்தது. "படம் நல்லாத்தான் இருக்கு. ஆனா ரெக்கார்டிங் பார்த்தோம். ஒரே கோட்டை இருபது தடவை அழிச்சிருக்கீங்க." டேப்லெட்டில் வரையும் ஆப், நாம் போடும் ஒவ்வொரு கோட்டையும் வீடியோவாகப் பதிந்து வைத்துக்கொள்ளும். இரண்டு விரலால் தட்டினால் போட்ட கோடு மறையும் வசதி இருக்கிறதே, அதுதான் என் மானத்தை வாங்கியது.

ஆனாலும் ஒரு மாதம் கழித்து இன்னொரு வாய்ப்புத் தருவதாகச் சொன்னார்கள். அதற்காக அவர்கள் மேல் எனக்கு இன்றைக்கும் நன்றி உண்டு. அறுபது படங்கள், ஒவ்வொன்றும் முப்பது வினாடி. மூக்கு முழி எதுவும் வேண்டாம். உடம்பு எங்கே சாய்கிறது, பாரம் எந்தக் காலில் நிற்கிறது என்பதை மட்டும் நாலைந்து கோட்டில் பிடிக்க வேண்டும். ஜெஸ்சர் டிராயிங் என்பது இதுதான். கீரனூரிலிருந்து தினமும் பஸ் ஏறிப் போய் ஒரு அச்சகத்துக் கம்ப்யூட்டரில் கல்யாணப் பத்திரிகைக்குப் பூ ஒட்டிக்கொண்டிருந்த எனக்கு, அதை விட்டு வெளியே வர வேறு வழி தெரியவில்லை.

முதல் காரியமாக செட்டிங்ஸுக்குப் போய் அழிக்கும் வசதியை நிறுத்தினேன். முப்பது வினாடிக்கு ஒரு போட்டோவாக மாற்றிக் காட்டும் ஒரு ஆப்பைப் பார்த்து பஸ்ஸிலேயே வரைந்து பழகினேன். அதில் வருகிறவர்கள் எல்லாம் ஜிம்முக்குப் போய் வந்த வெள்ளைக்காரர்கள். ஒருத்தராவது குனிந்து ஒரு குடத்தைத் தூக்க வேண்டுமே! எரிச்சல்தான் வந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை ஆலங்குடிப் பக்கம் வாழ்க்கைப்பட்டிருக்கும் என் அக்கா வீட்டுக்குப் போனேன். வயலில் அக்காவும் ஏழெட்டுப் பெண்களும் கடலைச் செடியைப் பிடுங்கிப் போட்டு, காய் ஆய்ந்துகொண்டிருந்தார்கள். "உங்களை வரையப் போறேன், அறுபது படம் வேணும்" என்று நான் வாயை விட்டதுதான் தப்பு. அந்தப் பெண்கள் எல்லாரும் வேலையைப் போட்டுவிட்டு, முந்தானையைச் சரிசெய்து, கையை மடியில் வைத்துக் கல்யாண ஆல்பத்துக்கு உட்கார்ந்த மாதிரி நிமிர்ந்துவிட்டார்கள். "பொட்டு தெரியுதா பாரும்மா" என்று ஒருவர் கேட்டார். வேலை செய்யுங்கள் என்று கெஞ்சினாலும் சிரிப்புதான்.

அக்கா மட்டும் அசரவில்லை. "ஒனக்காகச் சும்மா ஒக்காந்திருக்க முடியாதுடி, வேலை கெடக்கு. நீ பாட்டுக்கு வரை."

எழுந்து போய் ஒரு கட்டுச் செடி தூக்கி வருவாள், போடுவாள், உட்கார்ந்து ஆய்வாள், மறுபடி எழுவாள். பக்கத்தில் ஒரு குவியல் கிடக்கும்போதே இன்னொரு கட்டுக்குப் போனாள். என்ன அவசரமோ என்று நினைத்துக்கொண்டேன். பத்துப் பதினைந்து படத்துக்குப் பிறகு என் விரல் அழிப்பதற்காகத் துடிப்பதை நிறுத்திவிட்டது. மத்தியானச் சாப்பாட்டுக்குள் அறுபதும் முடிந்தன. அந்தக் காலைப்பொழுதை நினைத்தால் இன்றும் நெஞ்சு நிறைகிறது.

ரெக்கார்டிங்கோடு அனுப்பினேன். வேலை கிடைத்தது. இனிப்பு வாங்கிக்கொண்டு போய் அக்காவிடம் படங்களைக் காட்டினேன். எல்லாம் முகமில்லாத வளைவுகள். இவளுக்கு என்ன புரியப்போகிறது என்று நினைத்தேன். அந்தத் திமிருக்கு இப்போதும் வெட்கப்படுகிறேன். ஒவ்வொன்றாகத் தள்ளிக்கொண்டே வந்தவள் ஒரு படத்தில் நிறுத்தினாள்.

"இது நான் எந்திரிக்கிறப்ப. வலது முட்டிய ஊன முடியாம இடது பக்கமாச் சாஞ்சு எந்திரிக்கிறேன் பாரு. ரெண்டு மாசமா இப்படித்தான்."

முட்டிவலி என்று அவள் யாரிடமும் சொன்னதில்லை. திரும்பப் பார்த்தால் படத்துக்குப் படம் அதே சாய்வு. அத்தனை முறை வரைந்தும் எனக்கு உறைக்கவில்லை.

"அப்பறம் எதுக்குக்கா அத்தனை தடவை ஒக்காந்து ஒக்காந்து எந்திரிச்ச?"

"ஒரே மாதிரி ஒக்காந்திருந்தா, நீ அறுவது படத்துக்கு எங்கடி போவே?" என்றாள்.