அம்மா சிரித்த படம்

எனக்கு வயசு எழுபத்தாறு. பெத்தது நாலு, வளர்த்தது ஏழு. ஒண்ணையும் கொழுந்துக் கூடை சுமக்க விடலை. எழுத்துக் கூட்டித்தான் எழுதுவேன்; ஆனாலும் இதை நான்தான் எழுதணும்.

பாபநாசத்துக்கு மேலே, மலையில், தேயிலை எஸ்டேட்டில், கூலிக்காரர்களுக்கு வரிசையாகக் கட்டிய லயன் வீட்டில் இருந்தோம். அம்மாவுக்கு நெஞ்சில் நோய். கொழுந்து பறிக்கப் போக முடியாமல் படுத்துவிட்டாள்.

அம்பாசமுத்திரத்துப் போட்டோக்காரர் எங்கள் லயனுக்கு ஏறி வருவது ஒரே காரியத்துக்குத்தான். செத்தவரை நாற்காலியில் சாய்த்து, மாலை போட்டு, ஒரு படம். உயிரோடு இருக்கிற ஆளுக்குப் படம் எடுக்க எவரிடம் காசு இருந்தது?

ஒருநாள் பள்ளிக்கூடம் விட்டு வருகிறேன். எங்கள் வாசலில் யாரோ ஒருத்தர் மூன்று கால் கட்டையில் கேமராவை மாட்டிக்கொண்டு நிற்கிறார். பையை எறிந்துவிட்டு, "எம்மா, போயிட்டியே!" என்று மண்ணில் விழுந்தேன். அடுத்த வீட்டு அத்தை ஓடிவந்து மாரில் அடித்துக்கொண்டாள். அவ்வளவுதான், லயன் முழுக்க ஒப்பாரி.

அம்மா பைய சுவரைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தாள்.

"ஏட்டி, நான் இன்னும் சாவலட்டி! மாலையெல்லாம் வாங்கியாச்சா?"

"சண்டாளி, முந்தியே சொல்லப்படாதா? தொண்டை போச்சே!" என்றாள் அத்தை.

அம்மா இருமி இருமிச் சிரித்தாள். எல்லாரும் சிரித்தோம். வந்தவர் மட்டும் கேமராவை அதுபாட்டுக்கு ஓடவிட்டு, முதுகைத் திருப்பிக் கண்ணைத் துடைத்தார். எங்களைப் போன்ற சனங்களை சினிமா மாதிரி ஓடுகிற படமாகப் பிடிக்கிறவராம். எஸ்டேட் ஆஸ்பத்திரி கம்பவுண்டரிடம் அம்மாவின் நோய் எவ்வளவு முற்றியது என்று விசாரித்துவிட்டுத்தான் வந்திருக்கிறார். நாங்கள் சிரித்ததில் மனசு நொந்துவிட்டார் என்று நினைத்து, கருப்பட்டித் துண்டு ஒன்று கொடுத்தேன். வாங்கிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.

ஐப்பசி மழையில் அம்மா போய்விட்டாள். பாதையில் மண் சரிந்து, அம்பாசமுத்திரத்துப் போட்டோக்காரர் ஏறி வர முடியவில்லை; அம்மாவுக்கு ஒரு படமும் இல்லாமல் போச்சு.

போன மாசம், அன்றைக்கு எங்கள் வாசலுக்கு வந்த படக்காரரின் மகள் என்னை விசாரித்து விசாரித்து வந்தாள். அவரும் காலமாகிவிட்டாராம். உப்பளம், செங்கல் சூளை, சாக்கடைக் குழி என்று ஆயுசு முழுக்கப் படம் எடுத்த மனுசர், அம்மா சிரித்த இந்தத் துண்டுப் படத்தை மட்டும் எதிலும் சேர்க்கவில்லையாம். "இது அந்தப் பிள்ளைக்குச் சேரவேண்டியது" என்பாராம். அவர் கொடுக்க வந்தபோது நாங்கள் மலையிறங்கிப் போயிருந்தோம்.

செல்போனில் காட்டி, என் போனிலும் ஏற்றிக் கொடுத்தாள். சத்தம் இல்லை. என் கடைசி மகளைவிடச் சின்னவளாக அம்மா சிரிக்கிறாள். அன்றைக்கு உண்மையில் அழுதது அவர் ஒருத்தர்தான். அது எனக்குத் தெரியாமல் போச்சு.

ஏட்டி பேத்தி, நான் எழுதினதில் பிழையெல்லாம் கிடக்கட்டும். இங்கன உட்காரு. நான் படத்தை ஓடவிடுறேன்; அம்மா வெளியே வருகிற இடத்திலிருந்து நீ சத்தமா வாசி.