கமா போட்டாச்சு

அப்பாவும் மகளும் கடைசியாகச் சேர்ந்து செய்த வேலை, பிரிண்டரில் சிக்கிய தாளை இழுத்தது. செவ்வாய்க்கிழமை காலை. அவள் பின்மூடியைத் திறந்தாள். அவர் டார்ச் பிடித்தார். வெளிச்சம் முழுக்க அவள் முகத்தில்.

“தாள் மேல பிடிங்கப்பா. நான் என்ன உங்க ஹீரோயினா?”

“முப்பத்தெட்டு வருஷப் பழக்கம்மா.”

சிக்கியிருந்தது ஒரு கடிதம். ஆறே வரி. எழுத அவருக்கு நாலு நாள் ஆகியிருந்தது. ஒரே மத்தியானத்தில் மூன்று எபிசோடு எழுதுகிற கை. பதினோரு படத்துக்கு எழுதியவர், நாலு படம் தயாரித்தவர், பிறகு டிவி. தொடரில் நடிகர் முறுக்கிக்கொண்டால் அந்தப் பாத்திரத்தை மறுநாளே வெளிநாட்டுக்கு அனுப்பிவிடுவார். “உங்கப்பா அனுப்பின ஆளுங்களை வெச்சே அங்க ஒரு ஊர் கட்டலாம்” என்பாள் அம்மா.

முதல் படத்தை இருவராக எழுதினார்கள். கதை இவர், வசனம் இவருடைய நண்பர். எந்தப் பேச்சையும் முடிக்கத் தெரியாத மனிதர் என்று அவருக்குக் கமா என்று பட்டப்பெயர் வைத்ததே இவர்தான். டைட்டில் எழுதும் ஓவியருக்கு அவசரத்தில் ஒரு சீட்டு கொடுத்தார்: ‘கதை, வசனம்’, கீழே தன் பெயர், பக்கத்தில் ‘கமா’. நண்பரின் பெயர் எழுத வேண்டிய இடத்தில் வாய்ப்பழக்கம் கைக்கும் வந்துவிட்டது. ஓவியர் சீட்டில் இருந்ததை அப்படியே செய்தார். இவர் பெயருக்குப் பின்னால் கொழுகொழுவென்று ஒரு கமா போட்டுவிட்டார்.

ரிலீசுக்கு முந்தின நாள் அதைப் பார்த்தபோது முதலில் சிரிப்புதான் வந்தது. மாற்ற ஒரு நாள் ஆகும் என்றார்கள். விட்டுவிட்டார். படம் ஓடியது. வசனம் ஊர் வாயில் புரண்டது. அடுத்த படம் இவருக்கு மட்டும் வந்தது. கமா ஓர் அச்சகத்தில் பிழை திருத்தப் போனார். சண்டை எதுவும் போடவில்லை, வருவதை நிறுத்திக்கொண்டார்.

சின்ன வயதில் மகள் கேட்டிருக்கிறாள்: “உங்க பேர் பக்கத்துல அது என்னப்பா?”

“தூசி.”

இப்போது அந்தப் படத்தைச் சுத்தம் செய்து மறுபடி ஒளிபரப்பப் போகிறார்கள். லேபிலிருந்து அதே கேள்வி: பெயருக்குப் பின்னால் இருப்பது தூசியா, அழித்துவிடலாமா, வெள்ளிக்கிழமைக்குள் சொல்லவும். அதற்குத்தான் கடிதம். தூசி அல்ல, வசனம் எழுதியவரின் பெயரை அந்த இடத்தில் போடவும்.

கசங்காத பிரதி வந்ததும் பேனாவை நீட்டினாள். “கையெழுத்து போடுங்க. நான் ஸ்கேன் பண்ணி அனுப்பிடுறேன்.”

“முதல்ல அவன் படிக்கட்டும். அப்பறம் போடுறேன்.”

“அவர் வீடு நாலு பஸ் ஸ்டாப்புதானே? இன்னிக்கே போயிட்டு வந்துடுங்க.”

“நாளைக்கு. போனா என்ன பேசறதுன்னு யோசிக்கணும்.”

“நல்லா இருக்கே! ஊருக்கே வசனம் எழுதின ஆளு.”

“அதை எழுதினது அவன்தாம்மா.”

மறுநாள் காலை சட்டை மாட்டிக்கொண்டு, செருப்புப் போடக் குனிந்தவர் நிமிரவில்லை. மாரடைப்பு. சட்டையை ஆஸ்பத்திரியில் ஒரு பையில் போட்டுக் கொடுத்தார்கள்.

வெள்ளிக்கிழமை அவளே லேபுக்குப் போன் செய்தாள். கடிதம் எழுதியவரின் கையெழுத்து இல்லாமல் பெயர் சேர்க்க முடியாது என்றார்கள்.

“அப்ப அந்தப் புள்ளியை என்ன மேடம் பண்றது?”

“அது தூசி இல்ல. இருக்கட்டும்.”

கமா சாவுக்கு வரவில்லை. யாரும் அவருக்குச் சொல்லியனுப்பவில்லை, அவளும்தான். கடிதம் நாலாக மடித்து அந்தச் சட்டைப்பையிலேயே இருக்கிறது. கையெழுத்துக்கு விட்ட இடம் வெள்ளையாக. போய்ச் சேர வேண்டிய வீடு நாலு ஸ்டாப் தள்ளி.